அம்மாவின் கைக்குப் பதில் என் கை

கண்ணாடி போடாமல் மாத்திரை அட்டையைப் படிக்க முடியாத வயதுக்கு நாம் எல்லோரும் வந்துவிட்டோம். அதனால் உங்களிடம் இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. இன்றைக்கும் யாராவது கிளிமூக்கு மாம்பழம் நறுக்கினால், அந்த வாசனைக்கு என் இரண்டு கைகளும் கனக்கின்றன. முழங்கைக்குச் சற்று மேலே. டாக்டரிடம் சொன்னால் எலும்புக்கு ஏதாவது எழுதிக் கொடுப்பார். உங்களிடம் சொன்னால் உட்கார்ந்து கேட்பீர்கள்.

எங்கள் ஊர் சித்தூரிலிருந்து புத்தூர் போகிற ரோட்டை விட்டுக் கொஞ்சம் உள்ளே தள்ளி இருந்தது. வீட்டில் தமிழ், பள்ளிக்கூடத்தில் தெலுங்கு, சண்டை என்று வந்தால் இரண்டும். அப்பாவை எங்கள் பக்கம் நைனா என்போம். நான் சொல்கிற வருஷத்தில்தான் ஊருக்குக் கேபிள் டிவி வந்தது. ரோட்டோரத்தில் எஸ்டிடி பூத் வந்தது. சித்தூருக்குப் போகிற வழியில் ஜூஸ் ஃபேக்டரி வந்தது. இவ்வளவும் வர, என் நைனா மட்டும் போனார். குவைத்தில் டிரைவர் வேலை என்று பம்பாய்க்கு ரயில் ஏறினார். அங்கிருந்து விமானம்.

அவருடைய பெட்டியின் கைப்பிடியில் அம்மா ஒரு எலுமிச்சம்பழமும் நாலு பச்சை மிளகாயும் கோத்துக் கட்டினாள். எங்கள் ஊரில் புது டிராக்டருக்குக் கட்டுவார்கள், புது பைக்குக்குக் கட்டுவார்கள், விமானத்தில் போகிற பெட்டிக்கு ஏன் கட்டக் கூடாது? நைனா சிரித்துக்கொண்டே வலது காலை எடுத்து வைத்துப் போனார். கொஞ்ச நாள் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்குப் போன் வந்தது. வந்து சேர்ந்துவிட்டேன், சௌக்கியம் என்றார். அதன் பிறகு எல்லா ஞாயிறும் பத்து மணிக்கு நாங்கள் போன் கடையில் இருப்போம்.

போன் கடைக்காரர் தினமும் காலையில் போனுக்குக் குங்குமப் பொட்டு வைத்துக் கற்பூரம் காட்டுகிறவர். கண்ணாடிக் கூண்டுக்குள் ஒரு சின்ன மின்விசிறி, மீட்டரில் ஓடுகிற சிவப்பு எண்கள். நைனாவின் குரல் அவ்வளவு தெளிவாக வரும், பக்கத்துத் தெருவிலிருந்து பேசுகிற மாதிரி. கடல் தாண்டி வருகிற குரல் எப்படி இத்தனை சுத்தமாக இருக்கிறது என்று அம்மா வியந்தபோது, விஞ்ஞானம் வளர்ந்துவிட்டது என்று போன் கடைக்காரர் தன் கடைப் போனைத் தட்டிக் கொடுத்தார்.

மாம்பழக் காலம் தொடங்கியதும் அம்மா ஜூஸ் ஃபேக்டரிக்கு வேலைக்குப் போனாள். பெயர்தான் ஜூஸ். அங்கே பழத்தைக் கூழாக்கி டின்னில் அடைத்துக் கப்பலில் அனுப்புவார்கள். காலையில் ஒரு வேன் வந்து ஊர்ப் பெண்களை அள்ளிக்கொண்டு போகும். எதிர்வீட்டு அத்தையும் போனாள். அவள் சொந்த அத்தை இல்லை. எதிர்வீட்டில் இருந்ததாலும் எங்கள் வீட்டில் உரிமையோடு காப்பி கேட்டதாலும் அத்தை.

வேலைக்குச் சேர்ந்த இரண்டாவது வாரம், வெளிநாட்டுக்காரர்கள் பார்வையிட வரப்போகிறார்கள் என்று சூபர்வைசர் ஒரு புதுச் சட்டம் கொண்டுவந்தார். வளையல், பூ, பொட்டு எதுவும் உள்ளே வரக் கூடாது. கூழில் ஒரு கண்ணாடித் துண்டு விழுந்தால் கப்பலையே திருப்பி அனுப்பிவிடுவார்களாம். தாலி ரவிக்கைக்குள் இருந்துகொள்ளட்டும், மெட்டியை பூட்ஸ் மறைத்துக்கொள்ளும், மற்றதெல்லாம் வாசலிலேயே கழற்றியாக வேண்டும். தலைக்கு ஒரு வெள்ளைத் தொப்பி கொடுத்தார்கள். தொப்பி போட்டவுடன் எல்லாப் பெண்களும் ஒரே பெண்ணாகிவிட்டார்கள்.

பூ போயிற்று. ஒட்டுப் பொட்டும் போயிற்று. எதிர்வீட்டு அத்தைக்கு மட்டும் நெற்றியில் பச்சை குத்திய பொட்டு. அதையும் எடு என்று சூபர்வைசர் தெலுங்கில் சொன்னார். அத்தை நெற்றியை அவர் பக்கம் நீட்டி, என்னால் முடியவில்லை, நீங்களே துடைத்துவிடுங்கள் என்று அதே தெலுங்கில் சொன்னாள். வரிசை முழுக்கச் சிரித்தது. விஷயம் மேனேஜர் வரைக்கும் போய், பச்சைப் பொட்டுக்கு மட்டும் விலக்கு வந்தது.

ஆனால் வளையல் விஷயத்தில் யாரும் சிரிக்கவில்லை. புருஷன் ஊரில் இருக்கும்போதே கையை வெறுமையாக வைத்துக்கொள்ளத் தயங்குகிறவர்கள் எங்கள் பெண்கள். கடல் தாண்டிப் போயிருக்கிறவனின் பெண்டாட்டி வளையலைக் கழற்றிக் கீழே வைப்பதா? அது எப்போது செய்கிற காரியம் என்று உங்களுக்குத் தெரியும். அம்மா அன்றைக்கு வேலைக்குப் போகாமல் திரும்பி வந்துவிட்டாள். மறுநாளும் போகவில்லை. மூன்றாம் நாள் விடிகாலையில் என்னை எழுப்பிக் குளிப்பாட்டி வேனில் ஏற்றினாள். கோடை விடுமுறை, எனக்கு ஒன்பது வயது. ஃபேக்டரி வாசலில் தன் கையிலிருந்த பன்னிரண்டு பச்சை வளையல்களையும் ஒவ்வொன்றாகக் கழற்றி, கழற்றக் கழற்ற என் கையில் போட்டாள். இடையில் ஒன்றைக்கூடத் தரையில் வைக்கவில்லை.

"கீழ வெச்சாதான் அது வெறுங்கை. எம் பொண்ணு கைல போட்டா அதுவும் என் கைதான்" என்று சூபர்வைசரைப் பார்த்துச் சொன்னாள்.

அவருக்குத் தமிழ் புரிந்ததோ இல்லையோ, கை வெறுமையாக இருப்பதைப் பார்த்து உள்ளே விட்டுவிட்டார். அம்மா குனிந்து என்னிடம் மெதுவாகச் சொன்னாள்: "பத்தரமா வெச்சிக்கினு இருடி. உங்க நைனா உசுரு இது."

பெரியவர்கள் இப்படித்தான் பேசுவார்கள். உப்புக் கொஞ்சம் கூடினால் உயிர் போய்விட்டது என்பார்கள். அம்மா அதைச் சொல்லிவிட்டு உள்ளே போய்ப் பழம் கழுவத் தொடங்கியிருப்பாள். ஆனால் நான் அந்த வார்த்தையை அப்படியே எடுத்துக்கொண்டேன். ஆறு ஆறாக இரண்டு கையிலும் நைனாவின் உயிரைச் சுமந்துகொண்டு வேன் நிற்கிற கொட்டகையில் உட்கார்ந்தேன்.

அம்மாவின் யோசனை வேகமாகப் பரவிற்று. பெண் பிள்ளை இருந்தவர்கள் தங்கள் பெண்ணை அழைத்து வந்தார்கள். எதிர்வீட்டு அத்தைக்குப் பிள்ளை இல்லை. அவள் தன் வளையல்களையும் என் கையில்தான் போட்டாள். பெரிய கை வளையல் சின்னக் கையில் நிற்காது. அதனால் முழங்கைக்கு மேலே ஏற்றி, கிழிந்த தாவணித் துண்டால் கட்டிவிடுவார்கள். கையை மடக்க முடியாது. மூக்கு அரித்தால்கூட இன்னொருத்தி சொறிந்துவிட வேண்டும்.

அந்தக் கொட்டகை மதியங்கள் எனக்கு முழுதாக நினைவில்லை. எது தூக்கம், எது விழிப்பு என்று அப்போதே தெரியாது. ஒரு லாரி வந்து மாம்பழத்தைக் கொட்டும், இன்னொன்று வரும், ரோட்டில் அதற்குப் பின்னால் டிராக்டர்கள் வரிசையாக நிற்கும். ஃபேக்டரிக்குப் பின்புறம் தோலும் கொட்டையும் மலையாகக் குவிந்திருக்கும். காலையில் இனிப்பாக இருக்கிற வாசனை உச்சிப் பொழுதில் புளிக்கத் தொடங்கும். ஈக்களின் ரீங்காரம் ஒரே சுருதியில் போய்க்கொண்டிருக்கும். கண்ணை மூடினாலும் மஞ்சள், திறந்தாலும் மஞ்சள். அந்த மஞ்சளுக்குள் நைனா ஒரு நீளமான வெள்ளைக் காரை ஓட்டிக்கொண்டு எனக்குத் தெரியாத மணலில் போய்க்கொண்டேயிருப்பார். நான் கையை அசைத்தால் கார் ஆடும். அதனால் அசைக்க மாட்டேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மா போனில் ஒரு சின்ன ஆசையைச் சொன்னாள். கார் பக்கத்தில் நின்று கலரில் ஒரு போட்டோ பிடித்து அனுப்புங்கள், ஊரில் எல்லோரும் கேட்கிறார்கள் என்றாள். நைனா சரி என்றார். அதற்கு முன்னால் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார் என்று அம்மா பல வருஷம் கழித்து என்னிடம் சொன்னாள். அன்றைக்கு அவளுக்கு அது உறைக்கவில்லை.

அந்த வாரம் புதன்கிழமை நான் விழுந்தேன். தண்ணீர் குடிக்கப் போகிற வழியில் யாரோ எறிந்த மாந்தோல். கையை ஊன்றக் கூடாது என்று விழுகிற நேரத்திலும் ஞாபகம் இருந்தது. ஆனாலும் இடது முழங்கை தரையில் அடித்தது. துணியைப் பல்லால் இழுத்து அவிழ்த்துப் பார்த்தால் அம்மாவின் வளையல் மூன்று உடைந்து கிடந்தது. தோலில் கீறி ரத்தம். வலித்ததா என்று நினைவில்லை. பயந்துபோய்த் துண்டுகளைக் கொட்டைக் குவியலுக்குள் கையை விட்டுப் புதைத்தேன். பிறகு அத்தையின் வளையலில் மூன்றை எடுத்து அம்மாவின் வளையலோடு சேர்த்துக் கட்டினேன். எல்லாம் ஒரே வளையல்காரரிடம் வாங்கிய பச்சைதானே.

சாயங்காலம் அம்மா பன்னிரண்டையும் போட்டுக்கொண்டாள், அவளுக்கு வித்தியாசம் தெரியவில்லை. அத்தை தன் கையைப் பார்த்து, மூன்று குறைகிறது, எங்கேயோ போயிருக்கும், போனால் போகட்டும் என்று வேனில் ஏறிவிட்டாள். அன்று ராத்திரி மாமா, அதாவது அத்தையின் புருஷன், வழக்கம்போல் நன்றாகக் குடித்துவிட்டுத் தெருவில் திடமாகப் பாடிக்கொண்டு வந்தார். அவருக்கு ஒன்றும் ஆகவில்லை என்பது எனக்கு இன்னும் பயமாக இருந்தது. உடைந்தது யாருடையது என்று சாமிக்குத் தெரியாமலா இருக்கும்?

அந்த ஞாயிறு போன் வரவில்லை.

பத்து மணி, பதினொன்று, பன்னிரண்டு. போன் கடைக்காரர் லைன் இருக்கிறதா என்று ரிசீவரை எடுத்து எடுத்துப் பார்த்தார். அடுத்த ஞாயிறும் வரவில்லை. அதற்கடுத்ததும் இல்லை. பள்ளிக்கூடம் திறந்தது. மாம்பழம் முடிந்து ஃபேக்டரி வேனும் நின்றது. ஆடி போய் ஆவணியும் போயிற்று. குவைத்தில் வெயில் ஜாஸ்தி என்றார் ஒருவர். டிரைவர் வேலை ஆபத்து என்றார் இன்னொருவர். அம்மா இளைத்துக்கொண்டே வந்தாள். அவள் முதுகைப் பார்க்கும்போதெல்லாம் சொல்லிவிடலாம் என்று எனக்கு வாய் வரை வரும். திரும்பி முகத்தைக் காட்டினால் வார்த்தை உள்ளே போய்விடும். நைனாவை நான் கொன்றுவிட்டேன் என்று ஒன்பது வயதில் நான் நம்பினேன். சும்மா பயம் இல்லை, முழு நம்பிக்கை. கணக்குப் பரீட்சையில் விடை தெரிகிற மாதிரி தெரிந்தது.

புரட்டாசியில் அம்மா வேண்டிக்கொண்டு என்னைத் திருமலைக்கு நடத்தி அழைத்துப் போனாள். அடிவாரத்திலிருந்து மேலே வரை ஒவ்வொரு படிக்கும் மஞ்சளும் குங்குமமும் வைத்துக்கொண்டே ஏறினாள். முன்னே பின்னே எங்கும் கோவிந்தா, கோவிந்தா என்ற குரல். நான் வாயில் கோவிந்தா சொன்னேன், மனதில் நைனா சொன்னேன். மரங்களுக்கு நடுவே படிகள் முடியவே இல்லை. அம்மாவின் விரல் சிவந்து, மேலே போகப் போகப் பனி மாதிரி எதுவோ எங்கள் மேல் படிந்தது.

முடி கொடுக்கிற இடத்தில், பெண் பிள்ளைக்கு நுனியில் மூன்று கத்திரி வெட்டுப் போதுமே என்றார் நாவிதர். எனக்கு இடுப்புக்கும் கீழே பின்னல். மொட்டைதான் வேண்டும் என்று நான் அழுதேன். என்னிடம் கொடுப்பதற்கு வேறு என்ன இருந்தது? அம்மா என்னைக் கட்டிக்கொண்டாள். நைனாவுக்காக இந்தக் குழந்தைக்கு என்ன பக்தி என்று பக்கத்தில் இருந்தவர்களிடம் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனாள். பக்தியாவது ஒன்றாவது. அது குற்றவாளியின் மொட்டை.

கம்பிக் கூண்டுக்குள் பல மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். மேலே ஒரு டிவி ஓடிற்று. அம்மாவின் மடியில் தூங்கினேன், விழித்தேன், டிவியில் அதே சாமி. கடைசியில் சன்னதிக்குள் தள்ளப்பட்டபோது, சொல்ல வேண்டியதை மனப்பாடம் செய்து வைத்திருந்தேன். 'வளையலை' என்று தொடங்குவதற்குள் ஜருகண்டி, ஜருகண்டி என்று யாரோ தோளைப் பிடித்து வெளியே நகர்த்திவிட்டார்கள். சாமியிடம் ஒரு சொல்தான் சேர்ந்தது.

மறுநாள் காலை பஸ்ஸில் கீழே இறங்கித் திருப்பதியில் ஒரு ஓட்டலுக்குள் போனோம். பெரிய ஹால், ஒரே இரைச்சல், எல்லா மேஜையிலும் மொட்டைத் தலைகளும் சந்தனமும். இட்லி வந்தது. நான் இரண்டாவது இட்லியைப் பிய்க்கும்போது தூரத்து வரிசையில் ஒருவர் மேஜை துடைத்துக்கொண்டிருந்தார். நீலச் சட்டை, தலையில் அம்மாவுக்கு ஃபேக்டரியில் கொடுத்ததைப் போல ஒரு தொப்பி. துணியைப் பிழிவதற்கு முன்னால் காதைத் தோளில் தேய்த்தார். அப்படித் தேய்க்கிறவர் உலகத்தில் ஒருவர்தான்.

"அம்மா, நைனா கீறாரும்மா" என்றேன்.

அந்த நிமிஷம் எனக்கு இருந்த சந்தோஷத்தை எப்படிச் சொல்வது? அவர் சாகவில்லை. நான் கொல்லவில்லை. என் மொட்டைத் தலைக்குள் ஜில்லென்று காற்று வீசிற்று. எழுந்து ஓடக் காலைக் கீழே வைத்தேன்.

அம்மா பார்த்தாள். நிறைய நேரம் பார்த்தாள். பிறகு என் தலையைப் பிடித்துத் தன் இடுப்போடு சேர்த்து அழுத்தி, என் முகத்தை அந்தப் பக்கம் திரும்ப விடாமல் சொன்னாள்.

"அது உங்க நைனா இல்ல. துன்னுட்டு எழுந்திரு."

ஆனால் அவளே சாப்பிடவில்லை. ஒரு பருக்கையைக்கூட வீணாக்காத அம்மா, தட்டில் இரண்டு இட்லியை அப்படியே விட்டுவிட்டு என்னை இழுத்துக்கொண்டு வெளியே வந்தாள். பஸ் ஸ்டாண்டுக் குழாயில் திரும்பத் திரும்ப முகம் கழுவினாள்.

உங்களுக்கு இப்போது எல்லாம் புரிந்திருக்கும். பம்பாயில் ஏஜென்ட் கையை விரித்துவிட்டான், நைனா விமானத்தைக் கண்ணால்கூடப் பார்க்கவில்லை. எலுமிச்சம்பழம் கட்டி அனுப்பிய ஊருக்குத் திரும்ப முகமில்லாமல், எங்களுக்குப் பக்கத்திலேயே திருப்பதியில் வந்து ஒளிந்துகொண்டார். எங்கள் ஜில்லாவே வந்து போகிற ஊரில் ஒளிந்துகொள்வதா என்று கேட்பீர்கள். மேஜை துடைக்கிறவரின் முகத்தை யார் பார்க்கிறார்கள்? போட்டோ கேட்டதும் பயந்து போனை நிறுத்திவிட்டார். அம்மா ஒரே பார்வையில் இவ்வளவையும் கூட்டிக்கொண்டாள். நாம் பார்த்துவிட்டோம் என்று தெரிந்தால் இந்த மனுஷர் திருப்பதியையும் விட்டு ஓடிவிடுவார் என்று நினைத்துத்தான் அப்படிச் சொன்னாள்.

ஆனால் எனக்கு வயது ஒன்பது. அம்மா சொன்னால் சொன்னதுதான். அது நைனா இல்லை என்றால் அது நைனாவைப் போல இருக்கிற யாரோ. அப்படியென்றால் என் நைனா செத்துப்போனதுதான் உண்மை. பஸ்ஸில் திரும்பி வரும்போது ஜன்னல் காற்றில் என் தலை குளிர்ந்துகொண்டே வந்தது.

தீபாவளிக்கு முன்னால் போன் கடைக்காரர் ஓடி வந்தார், குவைத்திலிருந்து போன் என்று. அம்மா கூண்டுக்குள் போய்ப் பேசியது எனக்கு வெளியே கேட்டது. போட்டோ எல்லாம் ஒன்றும் வேண்டாம், அந்த நாட்டு வேலையும் நமக்கு வேண்டாம், வெறுங்கையோடு வந்தாலும் வந்து சேருங்கள் என்றாள். போன் கடைக்காரர் கேட்கிற மாதிரி, குவைத்தில் மழை உண்டா என்றும் ஒரு கேள்வி கேட்டாள்.

பத்து நாளில் ஒருவர் வந்து இறங்கினார். கையில் புதுச் சூட்கேஸ். அதற்குள் புலிப்படம் போட்ட கனமான போர்வை, செண்ட் பாட்டில், தண்ணீரில் கரைக்கிற ஆரஞ்சுத் தூள். எல்லாம் மெட்ராசில் ஃபாரின் சாமான் விற்கிற கடைத்தெருவில் வாங்கியவை என்று இப்போது தெரிகிறது. அம்மா ஆரத்தி எடுத்தாள். ஊர் முழுக்க வந்தது. குவைத்துக்காரர் வந்துவிட்டார் என்றது.

நான் கதவுக்குப் பின்னால் நின்று பார்த்தேன். எனக்கு அவரை அடையாளம் தெரிந்துவிட்டது. இவர் அந்த ஓட்டல்காரர். அம்மாவே அன்றைக்கு இல்லையென்று சொன்னாளே, அதே ஆள். நைனா போய்விட்டதால் அவரைப் போலவே இருக்கிற ஒருவரை அம்மா அழைத்து வந்துவிட்டாள், ஊருக்குத் தெரியவில்லை, எனக்கு மட்டும் தெரியும். செண்ட் வாசனைக்கு அடியில் சாம்பார் வாசனை வந்தது.

அவர் என்னைக் கூப்பிட்டார், போகவில்லை. கண்ணை மூடித் திறக்கிற பொம்மை ஒன்று கொடுத்தார், கையை நீட்டவில்லை. சாப்பிட என் பக்கத்தில் உட்கார்ந்தால் தட்டோடு எழுந்து சமையலறைக்குப் போனேன். நைனா என்ற சொல் என் வாயில் வரவே இல்லை. வெளிநாடு போய் வந்தால் பிள்ளைகள் மறந்துவிடும், பழகப் பழகச் சரியாகும் என்றாள் எதிர்வீட்டு அத்தை. அவருடைய முகம் நாளுக்கு நாள் சுருங்கிற்று. நம் பெண்ணுக்கு விஷயம் தெரிந்துவிட்டது, அதனால்தான் மதிக்கவில்லை என்று அவர் நினைத்திருக்க வேண்டும். ஒரு காலையில் சூட்கேஸைக் கீழே இறக்கித் துடைத்துக்கொண்டிருந்தார். பெங்களூர்ப் பக்கம் வேலை இருக்கிறதாம், போய்ப் பார்க்கிறேன் என்று அம்மாவிடம் சொன்னார். அம்மா அரிசியை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனாள்.

ஃபேக்டரிக்குப் போன தைரியத்தில் அம்மா தவணையில் ஒரு கிரைண்டர் வாங்கியிருந்தாள். அதற்கு மஞ்சள் பூசி, வயருக்குக்கூடப் பூ சுற்றி வைத்திருந்தாள். அது ஓடினால் இடி இடித்தாலும் கேட்காது. நான் அம்மாவின் காதருகே போய் நின்றேன். அம்மா அழுதுகொண்டே மாவைத் தள்ளிவிட்டுக்கொண்டிருந்தாள். அவள் ஏன் அழுகிறாள் என்று எனக்குப் புரியவில்லை. அந்த ஓட்டல்காரர் போனால் நல்லதுதானே.

"அழாதம்மா. நம்ம நைனாவ நான்தான் சாவடிச்சேன்" என்றேன்.

அம்மா திரும்பினாள். நான் எல்லாவற்றையும் சொன்னேன். மாந்தோல், மூன்று வளையல், கொட்டைக் குவியல், அத்தை கையிலிருந்து எடுத்தது, மொட்டை, சாமியிடம் சொல்ல முடியாமல் போனது. இவர் ஓட்டலில் இருந்த ஆள் என்று எனக்குத் தெரியும், நீயே சொன்னாய் என்றேன். அம்மாவின் கை மாவிலேயே நின்றுவிட்டது. இத்தனை மாதம் இதை வைத்துக்கொண்டா தூங்கினாய் என்று கேட்டாள். கேட்கும்போதே அவள் முகம் போன போக்கை நான் மறக்கவில்லை. புருஷனின் மானத்துக்காக அவள் சொன்ன ஒரு பொய் யார் தலையில் விழுந்தது என்று அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது.

கிரைண்டரை அவள் நிறுத்தவில்லை. மாவுக் கையோடு என்னை இழுத்துக் காதில் சொன்னாள்.

"அன்னிக்கு ஓட்டல்ல பாத்தது உங்க நைனாதான்டி. நான்தான் பொய் சொன்னேன். குவைத்துக்கே போவல அவரு. நமக்குத் தெரியும்னு அவருக்குத் தெரியவே கூடாது. தெரிஞ்சா பூடுவாரு."

நான் அவள் முகத்தையே பார்த்தேன். மறுபடியும் கேட்டேன். நைனாதான் என்று மறுபடியும் சொன்னாள்.

முன்பக்கம் வேப்பமரத்தடியில் கட்டிலில் நைனா உட்கார்ந்திருந்தார். சுற்றி நாலைந்து பேர் குவைத்தைப் பற்றிக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அங்கே ரோடெல்லாம் கண்ணாடி மாதிரி இருக்கும் என்று யாரையும் பார்க்காமல் சொல்லிக்கொண்டிருந்தார். போன் கடைக்காரர், அந்த ஊரில் எந்தப் பக்கம் கார் ஓட்டுவார்கள் என்று கேட்டார். நைனா காதைத் தோளில் தேய்த்தார். எல்லோரும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

நான் நேரே போய் அவர் தொடையில் ஏறி உட்கார்ந்தேன். அரை அங்குலம் வளர்ந்திருந்த என் தலை அவர் மோவாயில் குத்தியிருக்கும்.

"நைனா, அங்க ஒட்டகம் கீதா?" என்று கேட்டேன்.

அவர் என் தலையைத் தடவிக்கொண்டே, "கீதும்மா, நெறைய கீது" என்றார்.

எவ்வளவு உயரம் என்று கேட்டேன்.